அடீனியம்: தண்ணீரைக் குறைத்தால் பூக்கும்

மொட்டை மாடியில் வெயில் கொளுத்தும் மூலை சும்மா கிடந்தால் அங்கே அடீனியம் என்ற ‘பாலைவன ரோஜா’ பூச்செடியை வையுங்கள். சஹாராவின் தென்விளிம்பும் அரேபியாவும் இதன் தாயகம். நம் சித்திரை வெயில் இதற்கு ஒரு பொருட்டே இல்லை. செடியைக் கெடுப்பது தண்ணீர்தான்.

1. செடி

ஒட்டுச்செடி வாங்கினால் பூவின் நிறம் உறுதி. விதைச்செடியில் அது பூத்த பிறகே தெரியும். ஆனால் அடிக்கிழங்கு, அதாவது கிழங்குபோலப் பருத்த அடித்தண்டு, அழகாகத் திரளும். குச்சி நட்டு வளர்த்ததில் கிழங்கு அப்படித் திரளாது. என் தேர்வு எப்போதும் விதைச்செடி.

2. மண்

பருமணல் இரண்டு பங்கு, செம்மண் ஒரு பங்கு, மண்புழு உரம் ஒரு பங்கு, ஒரு பிடி வேப்பம்பிண்ணாக்கு. பலரும் தென்னை நார்க்கழிவு சேர்க்கிறார்கள். வேண்டவே வேண்டாம், அது ஈரத்தை நாள்கணக்கில் பிடித்துவைக்கும். தொட்டி ஆழம் குறைந்த மண்தொட்டியாக இருக்கட்டும். ஊற்றிய தண்ணீர் உடனே அடித்துளை வழியாக ஒழுக வேண்டும்.

3. தண்ணீர்

இந்தப் படியை நிதானமாகப் படியுங்கள். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் தொட்டியைக் கூரைக்கடியில் நகர்த்திவிடுங்கள். மார்கழிக் குளிரில் இலைகள் மஞ்சளாகி உதிரும். அது செடியின் ஓய்வுக்காலம். செடி போய்விட்டதே என்று பதறித் தண்ணீர் ஊற்றினால் வேர் அழுகும்.

சந்தேகம் வந்தால் கட்டைவிரலால் கிழங்கை அழுத்திப் பாருங்கள். கல்போல இருந்தால் கவலை இல்லை. மண் காய்ந்து, கிழங்கு முழுவதும் சீராகத் தளர்ந்து தோல் சுருங்கியிருந்தால் தாகம், ஊற்றலாம். மண் ஈரமாக இருக்க, ஓரிடம் மட்டும் கொழகொழவென்று உள்ளே போனால் அழுகல். அன்றே பிடுங்கி, வேரைக் கழுவி, பழுப்புச் சதை முழுவதையும் வெள்ளைச் சதை தெரியும்வரை செதுக்குங்கள். பூஞ்சாணக்கொல்லிப் பொடி தடவி, நிழலில் ஒரு வாரம் காயவிட்டு, உலர்ந்த மண்ணில் நடுங்கள். நட்டதும் தண்ணீர் ஊற்றாதீர்கள். சில நாள் பொறுங்கள்.

4. கவாத்து

மாசியில் கிளைகளைப் பாதிக்கு வெட்டுங்கள். பூ புதுத்தளிர் நுனியில்தான் வரும். வெட்டாத செடி நெட்டையாக வளர்ந்து நுனியில் நாலு பூ பூக்கும், அவ்வளவுதான். கவாத்துக் கத்தரியைவிடப் புது பிளேடு மேல், தண்டு நசுங்காது. கையுறை கட்டாயம். அரளிக் குடும்பச் செடி இது. இதன் பாலை ஆப்பிரிக்காவில் அம்பு முனையில் விஷமாகத் தடவினார்கள். வெட்டிய குச்சிகளைக் குழந்தைகளுக்கும் ஆடுமாடுகளுக்கும் எட்டாமல் அப்புறப்படுத்துங்கள்.

பின்சேர்க்கை: இலை செழித்தும் மொட்டே இல்லை என்று சிலர் கேட்டிருந்தார்கள். பெரும்பாலும் நிழல்தான் காரணம். ஐந்தாறு மணி நேரமாவது நேரடி வெயில் வேண்டும். வெயில் போதுமான அளவு கிடைத்தும் பூக்காவிட்டால் தழைச்சத்து (நைட்ரஜன்) உரத்தை நிறுத்திவிட்டுச் சாம்பல்சத்து (பொட்டாஷ்) கொடுங்கள்.