சிறையில் இருப்பவரைப் பார்க்க: முதலில் அனுமதி, அப்புறம்தான் பயணம்

முதல் முறை சிறைக்குப் போகிற பெரும்பாலானவர்கள் ஒரே தப்பைத்தான் செய்கிறார்கள், நேராகக் கிளம்பிப் போய்விடுகிறார்கள். நானும் அம்மாவும் அப்படித்தான் போனோம். தம்பி உள்ளே போய் ஒன்பது நாள் ஆகியிருந்தது. ராத்திரி முழுக்கப் பயணம் செய்து, கதவு திறப்பதற்கு முன்பே வரிசையில் நின்றோம். எங்கள் முறை வந்ததும் ஜன்னலுக்குப் பின்னால் இருந்தவர் கணினியைப் பார்த்துவிட்டு, "உங்க பேரு லிஸ்ட்ல இல்லையே" என்றார். அம்மா அடையாள அட்டையை இன்னொரு முறை நீட்டினாள், அட்டையில் இருப்பதை அவர் சரியாகப் படிக்கவில்லை என்பதுபோல. அன்றைக்கு அப்படியே திரும்பி வந்தோம். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

இதை 'மனு பார்க்கப் போவது' என்று சொல்கிற வழக்கம் தமிழில் உண்டு. அந்த வரிசைதான் சரி. முதலில் மனு, அப்புறம்தான் பார்ப்பது.

ஊருக்கு ஊர், நாட்டுக்கு நாடு, ஒரே நாட்டில் சிறைக்குச் சிறைகூட விதிகள் மாறும். ஆனால் அடிப்படை எங்கேயும் கிட்டத்தட்ட ஒன்றுதான். உள்ளே இருப்பவர் உங்களைப் பார்க்க விரும்ப வேண்டும், நிர்வாகம் உங்களைச் சரிபார்க்க வேண்டும், அன்றைக்கு உங்களுக்கு என்று நேரம் ஒதுக்கியிருக்க வேண்டும். இந்த மூன்றில் எது இல்லாவிட்டாலும் கதவு திறக்காது.

முதல் வேலை, அவர் இப்போது எங்கே இருக்கிறார் என்று உறுதி செய்வது. கைதானபோது கொண்டுபோன இடத்திலேயே இருப்பார் என்று நினைக்காதீர்கள், இடம் மாற்றுவது சகஜம். வழக்கறிஞரைக் கேளுங்கள், அல்லது சிறை அலுவலகத்துக்கே போன் செய்யுங்கள். சில நாடுகளில் பெயரையோ எண்ணையோ போட்டு இணையத்திலேயே தேடலாம். கேட்கும்போதே அவருடைய கைதி எண்ணை வாங்கி எழுதி வையுங்கள். இனி படிவம், கடிதம், போன் எல்லாவற்றுக்கும் அந்த எண்தான் கேட்பார்கள், பெயரைச் சொன்னால் அதே பெயரில் நாலு பேர் இருப்பார்கள்.

அடுத்து, அவர் விசாரணைக் கைதியா தண்டனைக் கைதியா என்று தெரிந்துகொள்ளுங்கள். இதைப் பொறுத்து எத்தனை முறை பார்க்கலாம் என்பதே மாறும். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் விசாரணையில் இருப்பவரை வழக்கமாக வாரத்துக்கு 3 முறை, ஒவ்வொரு முறையும் ஒரு மணி நேரம் பார்க்கலாம். தண்டனை பெற்றவர் என்றால் 4 வாரத்துக்குக் குறைந்தது 2 முறைதான். அமெரிக்காவின் மத்திய அரசுச் சிறைகளில் மாதத்துக்குக் குறைந்தது 4 மணி நேரம் என்று சட்டமே சொல்கிறது. நீங்கள் போகிற இடத்தின் கணக்கைக் கேட்டு வைத்துக்கொண்டால், இந்த மாதம் அப்பா, அடுத்த மாதம் அக்கா என்று குடும்பத்துக்குள் முறை வைத்துக்கொள்ளலாம். இல்லையென்றால் ஒரே வாரத்தில் எல்லோரும் போய் நின்று, இருக்கிற வாய்ப்பைத் தீர்த்துவிட்டு, மிச்ச நாளெல்லாம் அவர் தனியாக இருப்பார்.

இப்போது அனுமதிக்கு வருவோம். பலருக்குத் தெரியாத விஷயம், நிறைய இடங்களில் இது உங்கள் கையில் தொடங்குவதில்லை, உள்ளே இருப்பவர் கையில்தான் தொடங்குகிறது. தன்னைப் பார்க்க வரக்கூடியவர்கள் என்று அவர் பெயர் எழுதிக் கொடுக்க வேண்டும். அமெரிக்க மத்திய சிறைகளில் கைதிதான் பார்வையாளர் படிவத்தை உங்களுக்கு அனுப்புவார், நீங்கள் நிரப்பித் திருப்பி அனுப்ப வேண்டும், அனுமதி கிடைத்ததா இல்லையா என்பதையும் அவருக்குத்தான் முதலில் சொல்வார்கள். இங்கிலாந்தில் தண்டனைக் கைதியைப் பார்க்க அவர் வழியாக வரும் அனுமதி எண் இருந்தால்தான் நேரமே பதிய முடியும். எங்கள் விஷயத்தில் நடந்ததும் இதுதான். தம்பி எங்கள் பெயரை எழுதிக் கொடுக்கவேயில்லை, அப்படி ஒன்று செய்ய வேண்டும் என்று யாரும் அவனிடம் சொல்லவும் இல்லை. அதனால் உள்ளே இருப்பவருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள், அல்லது வழக்கறிஞர் மூலம் சொல்லி அனுப்புங்கள்: உங்கள் முழுப்பெயர், பிறந்த தேதி, முகவரி, உறவு, இந்த நான்கையும் அடையாள அட்டையில் இருக்கிறபடியே எழுத்துப் பிசகாமல் கொடுங்கள்.

இந்த எழுத்துப் பிசகு விஷயத்தில் கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் தமிழர்களுக்கு இதில் தனியாகவே ஒரு தொல்லை இருக்கிறது. ஒரு அட்டையில் இனிஷியல் முன்னால் இருக்கும், இன்னொன்றில் பின்னால் இருக்கும், பாஸ்போர்ட்டில் அதுவே அப்பா பெயராக விரிந்து நிற்கும். ஆங்கிலத்தில் எழுதும்போது ஒரு எழுத்து கூடும், ஒன்று குறையும். உள்ளே இருப்பவரோ வீட்டில் கூப்பிடும் பெயரை எழுதிக் கொடுத்திருப்பார். கணினியில் இருக்கும் பெயரும் கையில் இருக்கும் அட்டையும் வேறு வேறு என்றால் வாசலில் நிற்பவர் உங்களை உள்ளே விடமாட்டார், நீங்கள் பெற்ற தாயாகவே இருந்தாலும். எந்த அட்டையைக் கொண்டு போகப் போகிறீர்கள் என்று இப்போதே முடிவு செய்து, அதில் உள்ளபடியே எல்லா இடத்திலும் எழுதுங்கள். காலாவதி தேதியையும் பார்த்துவிடுங்கள்.

படிவத்தில் உங்கள் மேல் ஏதாவது வழக்கு இருந்ததா, தண்டனை பெற்றீர்களா, வேறு கைதி யாரையாவது பார்க்கப் போகிறீர்களா என்றெல்லாம் கேட்பார்கள். உண்மையைச் சொல்லுங்கள். பழைய வழக்கு ஒன்று இருந்தால் உடனே மறுத்துவிடுவார்கள் என்று பயந்து மறைக்கிறார்கள் பாருங்கள், அங்கேதான் சிக்கல் வருகிறது. எப்போதோ நடந்த சின்ன வழக்கைப் பெரும்பாலும் பார்த்துவிட்டு விட்டுவிடுவார்கள், அதை மறைத்தது தெரிந்தால் பொய் சொன்னதற்காகவே மறுப்பார்கள். நீங்களே நன்னடத்தைக் கண்காணிப்பில் வெளியே இருப்பவர் என்றால், உங்களைக் கண்காணிக்கும் அதிகாரியின் அனுமதியும் தேவைப்படலாம். அந்த வழக்கிலேயே நீங்கள் சாட்சி, பாதிக்கப்பட்டவர் அல்லது சக குற்றம் சாட்டப்பட்டவர் என்றால் வழக்கறிஞரைக் கேட்காமல் ஒரு அடி எடுத்து வைக்காதீர்கள். ஒருவரையொருவர் தொடர்புகொள்ளக் கூடாது என்று நீதிமன்றம் உத்தரவு போட்டிருந்தால், சிறை தரும் அனுமதி அதை மாற்றாது.

சரிபார்ப்பு சில நாளிலும் முடியும், சில வாரமும் இழுக்கும். கையில் உறுதி வரும்வரை பயணச்சீட்டு போடாதீர்கள். உறுதி வந்த பிறகும் கிளம்புகிற அன்று காலையில் ஒரு போன் செய்யுங்கள். அவரை நீதிமன்றத்துக்குக் கூட்டிப் போயிருக்கலாம், இடம் மாற்றியிருக்கலாம், உள்ளே ஏதோ நடந்து எல்லாரையும் அடைத்து வைத்திருக்கலாம். அப்படி நடந்தால் பார்வையாளர்களுக்கு முன்கூட்டித் தகவல் வரும் என்று எதிர்பார்க்க முடியாது.

அனுமதி மறுத்துவிட்டால் அதோடு விட்டுவிடாதீர்கள். காரணத்தை எழுத்தில் கேளுங்கள். சில சமயம் மறுப்பு பெயர்க் குழப்பத்தாலோ விட்டுப்போன கையெழுத்தாலோ வந்ததாக இருக்கும், திருத்திக் கொடுத்தால் சரியாகிவிடும். உண்மையான காரணம் என்றால் சிறைக் கண்காணிப்பாளருக்கு மேல்முறையீடு எழுதுங்கள், அவரும் மறுத்தால் சிறைத் துறைத் தலைமைக்கு எழுதுங்கள், அதற்கப்புறம் நீதிமன்றம் இருக்கிறது. ஒவ்வொரு கடிதத்துக்கும் நகல் வைத்துக்கொள்ளுங்கள், யாரிடம் எந்தத் தேதியில் பேசினீர்கள் என்று ஒரு நோட்டில் எழுதுங்கள்.

இதை ஏதோ தயவு கேட்பதாக நினைத்துக் கூனிக் குறுகிப் பேச வேண்டியதில்லை. 2015 டிசம்பரில் ஐ.நா. பொதுச்சபை ஏற்றுக்கொண்ட, கைதிகளை எப்படி நடத்த வேண்டும் என்று சொல்லும் நெல்சன் மண்டேலா விதிகளில் 58ஆவது விதி, கைதிகள் குடும்பத்தோடும் நண்பர்களோடும் முறையான இடைவெளியில் கடிதம் வழியாகவும் நேரிலும் தொடர்பு வைத்துக்கொள்ள அனுமதிக்க வேண்டும் என்கிறது. 43ஆவது விதி, தண்டிப்பதற்காகக் குடும்பத் தொடர்பையே தடை செய்யக் கூடாது என்கிறது. பாதுகாப்புக்கு மிகத் தேவை என்றால் குறிப்பிட்ட காலத்துக்குக் கட்டுப்படுத்தலாம், அவ்வளவுதான். இவை எந்த நாட்டையும் சட்டமாகக் கட்டுப்படுத்தாது என்றாலும், மேல்முறையீட்டுக் கடிதத்தில் விதி எண்ணோடு எழுதினால் படிக்கிறவர் கவனித்துப் படிப்பார். மண்டேலாவுக்குத் தென்னாப்பிரிக்காவின் ராபன் தீவுச் சிறையில் ஆரம்ப வருஷங்களில் 6 மாதத்துக்கு ஒரு சந்திப்பு, ஒரு கடிதம்தான். மனைவியை இடையில் தடுப்பு இல்லாமல் தொட்டுப் பேச 1984 வரை காத்திருந்தார். அந்த விதிகளுக்கு அவர் பெயரை வைத்தது சும்மா இல்லை.

இன்னொன்றையும் அதிகாரிகளிடம் சொல்லலாம். அமெரிக்காவின் மினசோட்டா மாநிலச் சிறைத் துறை 2011இல் வெளியிட்ட ஆய்வில், 2003 முதல் 2007 வரை விடுதலையான 16,420 பேரைப் பார்த்தார்கள். உள்ளே இருந்தபோது யாராவது வந்து பார்த்துப் போன கைதிகள் மறுபடி பெரிய குற்றத்தில் தண்டனை பெறும் வாய்ப்பு 13 சதவீதம் குறைவாக இருந்தது. நீங்கள் போய் உட்காருகிற அந்த அரை மணி நேரத்தால் சிறைக்கும் நன்மைதான்.

சரி, போகிற நாள். உடையிலிருந்து ஆரம்பியுங்கள். உடம்பு தெரிகிற, மெல்லிய, மிக இறுக்கமான துணி பெரும்பாலும் எங்கேயும் ஆகாது. கைதிகளின் சீருடையையோ காவலர் சீருடையையோ ஒத்த நிறம் வேண்டவே வேண்டாம். அமெரிக்க மத்திய சிறைகளில் காக்கிக்கும் ராணுவப் பச்சைக்கும் இதனால்தான் தடை. உலோகம் குறைவாக இருக்கட்டும். கம்பி வைத்த உள்ளாடைகூட சோதனைக் கருவியைக் கத்த வைக்கும். இரண்டாவது முறை போனபோது அம்மாவைத் தாண்டவிடாமல் கருவி கத்திக்கொண்டே இருந்தது. கடைசியில் கொண்டையிலிருந்து ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்து ஒரு பிளாஸ்டிக் தட்டில் வைத்தாள், ஏழு ஊசி. முடி அவிழ்ந்த நிலையில்தான் மகனைப் பார்த்தாள். தலையைக்கூட வாரிக்கொள்ளாமல் வந்திருக்கிறாள் என்று அவன் நினைத்துக்கொண்டான். அதற்கப்புறம் துணி ரப்பர்தான்.

போன், ஸ்மார்ட் வாட்ச், பென் டிரைவ் எதுவும் உள்ளே போகாது, லாக்கர் இருந்தால் அதில் வைக்கலாம், இல்லாத இடத்தில் வெளியே யாராவது காத்திருக்க வேண்டும். இன்ஹேலர் போன்ற உயிர் காக்கும் மருந்து வேண்டும் என்றால் மருத்துவர் சீட்டோடு போய், வாசலிலேயே சொல்லிவிடுங்கள். பாக்கெட், பை, குழந்தையின் சட்டைப் பை எல்லாவற்றையும் வீட்டிலேயே ஒரு முறை கவிழ்த்துப் பாருங்கள், மறந்துபோன மாத்திரை ஒன்று பெரிய பிரச்சினையாகிவிடும். வரிசையில் பழக்கமாகும் யாராவது "இதை மட்டும் கொடுத்துடுங்க" என்று எதையாவது நீட்டினால், அது வெறும் காகிதமாக இருந்தாலும், வாங்காதீர்கள். அவர்கள் மேல் எவ்வளவு இரக்கம் வந்தாலும் சரி. தடை செய்த பொருளை உள்ளே கொண்டுபோவது பல நாடுகளில் குற்றம், அதற்கப்புறம் நீங்களும் உள்ளேதான்.

சோதனைக்கு நீங்கள் சம்மதித்தால்தான் உள்ளே போக முடியும். சம்மதத்தை எந்த நேரத்திலும் திரும்ப எடுத்துக்கொள்ளலாம், ஆனால் அன்றைய சந்திப்பு போய்விடும். மண்டேலா விதிகளின் 60ஆவது விதி, பார்வையாளரை இழிவுபடுத்துகிற மாதிரி சோதிக்கக் கூடாது என்கிறது. எல்லை மீறியதாகத் தோன்றினால் அங்கே சண்டை போடாமல் நேரத்தையும் கடமையில் இருந்தவரின் பெயரையோ எண்ணையோ மனதில் வைத்துக்கொண்டு, வெளியே வந்ததும் எழுதிப் புகார் கொடுங்கள்.

குழந்தையைக் கூட்டிப் போகிறீர்கள் என்றால் பிறப்புச் சான்றிதழ், சில இடங்களில் மற்ற பெற்றோரின் எழுத்துச் சம்மதம் கேட்பார்கள். கண்ணாடித் தடுப்பா, மேஜையா என்று முன்கூட்டியே கேட்டுத் தெரிந்துகொண்டு, அதைக் குழந்தையிடம் சொல்லிக் கூட்டிப் போங்கள். அப்பாவைத் தொட முடியும் என்று நம்பி வந்த குழந்தை கண்ணாடியைத் தட்டுவதை நான் பக்கத்து இருக்கையிலிருந்து பார்த்திருக்கிறேன், யாருக்கும் அது வேண்டாம். பெண் கைதிகளுக்கான ஐ.நா.வின் பாங்காக் விதிகள் 2010இல் வந்தவை, அம்மாவைப் பார்க்க வரும் குழந்தைக்குத் தடுப்பில்லாத சந்திப்பு வேண்டும் என்று சொல்கின்றன. கேட்டுப் பாருங்கள், கேட்காமல் யாரும் தரமாட்டார்கள்.

உள்ளே உட்கார்ந்ததும் வழக்கைப் பற்றிப் பேசாதீர்கள். கண்ணாடிக்கு இரண்டு பக்கமும் இருக்கும் போனில் பேசுவது பதிவாகலாம், பக்கத்தில் நிற்பவருக்கும் கேட்கலாம். அந்தப் பேச்சு வழக்கறிஞருக்கு உரியது, அவருடைய சந்திப்பை அதிகாரிகள் கண்ணால் பார்க்கலாம், காதால் கேட்கக் கூடாது என்பது மண்டேலா விதிகளின் 61ஆவது விதி. சில சிறைகளில் காவலருக்குப் புரிகிற மொழியில்தான் பேச வேண்டும் என்பார்கள். தமிழ் தெரியாத ஊரில் என்றால் இதையும் போனிலேயே கேட்டுவிடுங்கள். வெளிநாட்டில் கைதானவர் என்றால் தூதரகத்துக்குத் தகவல் சொல்லும்படி அவர் கேட்கலாம், 1963ஆம் ஆண்டின் வியன்னா தூதரக உறவு ஒப்பந்தம் அந்த உரிமையைத் தருகிறது. நேரில் போக முடியாத தூரம் என்றால் வீடியோ சந்திப்பு உண்டா என்று கேளுங்கள், அதற்கும் பெரும்பாலும் இதே அனுமதிதான் வேண்டும்.

நேரம் முடியப் போகிறது என்று குரல் கொடுப்பார்கள். அதற்கு ஐந்து நிமிஷம் முன்னாலேயே மூன்று விஷயம் கேட்டுவிடுங்கள்: உடம்புக்கு ஏதாவது இருக்கிறதா, பட்டியலில் இன்னும் யார் பெயரைச் சேர்க்க வேண்டும், அடுத்து எந்தத் தேதியில் வரலாம். தேதியை நீங்கள் மட்டும் எழுதிக்கொள்ளாமல் அவர் வாயாலும் ஒரு முறை சொல்ல வையுங்கள். தம்பி அதைச் சுவரில் நகத்தால் கீறி வைத்திருந்தானாம், வெளியே வந்த பிறகு சொன்னான்.