நடிகர் நாடகம் எழுதும்போது சறுக்கும் இடங்கள்

பல ஆண்டுகள் மேடையில் நின்ற நடிகர் எழுத உட்காரும்போது அவருக்குக் கைகொடுப்பது காது. எந்த வசனம் வாயில் புரளும், எது பல்லில் சிக்கும் என்பது அவருக்குத் தெரியும். காலை வாருவதும் அதே காதுதான். எழுதும்போதே மனதுக்குள் நடித்துவிடுகிறார். காகிதத்தில் இல்லாத இடைவெளியும் பெருமூச்சும் ஓரப் பார்வையும் தாமாக வந்து சேர்ந்துகொள்கின்றன. பிரதியில் உள்ள ஓட்டையை நடிப்பு அடைத்துவிடுவதால் அது அவர் கண்ணில் படுவதே இல்லை.

ஆகவே, முதல் வாசிப்பில் உங்கள் பாத்திரத்தை நீங்கள் படிக்காதீர்கள். அதுவரை பிரதியைப் பார்த்திராத ஒருவரிடம் கொடுத்துவிட்டுக் கடைசி வரிசையில் உட்காருங்கள். ஓரிடத்தில் அவர் தடுமாறுவார். எழுந்து போய் நடித்துக் காட்ட உங்கள் கால் துடிக்கும். போகாதீர்கள். அந்த வரியைக் குறித்துக்கொள்ளுங்கள், திருத்த வேண்டியது அதைத்தான்.

நல்ல வசனங்களையெல்லாம் தனக்கே ஒதுக்கிக்கொள்வது இன்னொரு சபலம். மற்ற பாத்திரங்கள் கேள்வி கேட்க மட்டும் வந்து போவார்கள். நடிகராகவும் இருந்த பிரெஞ்சு நாடகாசிரியர் மொலியேர் இதைத் தவிர்ப்பதில் கெட்டிக்காரர். 1668இல் அரங்கேறிய கருமி நாடகத்தில், தான் ஏற்ற கருமிக்குத் தன் இருமலைக் கொடுத்தார். கூடவே, கால் விந்தி நடந்த சக நடிகரின் நடையை வேலைக்காரனுக்குக் கொடுத்து, கருமி அவனை நொண்டி நாய் என்று திட்டும்படியும் எழுதினார். குழுவில் யாரிடம் என்ன இருக்கிறது என்று பார்த்து எழுதுவது நடிகருக்கே வாய்க்கும் வசதி. அதைத் தன்னோடு நிறுத்திக்கொள்வது வீண்.

எழுதி, இயக்கி, நடிக்கவும் செய்தால் வெளியிலிருந்து பார்க்க ஒரு கண்ணாவது வேண்டும். பிறர் நாடகத்தில் நடிக்கும்போதோ, உள்ளே இருக்கும் எழுத்தாளரை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போங்கள். ஒத்திகையில் அடுத்தவர் வசனத்தைத் திருத்தும் நடிகரை யாரும் மறுமுறை அழைப்பதில்லை.

பணத்தில் வரும் தவறு சத்தமில்லாதது. நடிப்புக்கான சம்பளத்திலேயே எழுத்தும் அடக்கம் என்று வாய்மொழியாக ஒப்புக்கொள்வார்கள். காட்சிகள் முடிந்தால் சம்பளம் நின்றுவிடும்; பிரதியை வேறு குழு மேடையேற்றினால் ராயல்டி வரவேண்டும். இரண்டுக்கும் தனித்தனி ஒப்பந்தம் போடுங்கள். ஒத்திகையில் நடிகர்கள் கூடிப் பேசி உருவாக்கிய வசனம் யாருக்குச் சொந்தம் என்பதையும் எழுத்தில் வையுங்கள். அரங்கேற்றத்துக்குப் பின் இதைப் பேசினால் நட்புதான் போகும்.

பிரதியைப் பேணாமல் விடுவதும் உண்டு. ஷேக்ஸ்பியர் 1616இல் இறந்தார். அவருடைய 36 நாடகங்களை அவரோடு நடித்த இருவர் திரட்டித் தர, 1623இல் ஒரே நூலாக வந்தது. அவற்றில் பாதி அதற்கு முன் அச்சேறாதவை. உங்களுக்கு அப்படி இரண்டு நண்பர்கள் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். கடைசிக் காட்சி முடிந்த வாரத்திலேயே மேடை நிர்வாகியின் பிரதியைக் கேட்டு வாங்குங்கள். மேடையில் உண்மையில் பேசப்பட்ட வசனம் அதன் ஓரத்தில் பென்சிலில் இருக்கும்.