நாய் சோறு போடும், புலி பேர் வாங்கித் தரும்: பெட், வைல்ட்லைஃப் போட்டோகிராஃபியை தொழிலா பண்றது எப்படி

முதல்லயே சொல்லிடறேன், புலி போட்டோ எடுத்து வித்து வீட்டு வாடகை கட்டிடலாம்னு நெனச்சு யாராச்சும் வேலைய விடப் போறீங்கன்னா, கொஞ்சம் பொறுங்க. இந்த லைன்ல மாசாமாசம் கைக்கு காசு வர்றது சோஃபா மேல மல்லாக்க படுத்திருக்கிற லாப்ரடார்கிட்ட இருந்துதான். காடு செலவு வைக்கும், பேர் குடுக்கும், அந்தப் பேர் சில வருஷம் கழிச்சு ஒர்க்‌ஷாப், டூர், ஆர்டர் குடுத்து எடுக்கச் சொல்ற வேலைன்னு காசா மாறும், மாறாமலும் போகலாம். அதனால பெட் ஷூட்ல சம்பாதிச்சு காட்டுக்கு செலவு பண்றதுன்னு ஆரம்பத்துலயே முடிவு பண்ணிட்டா மனசு ஒடையாது. நான் சென்னையை வச்சு சொல்றேன், உங்க ஊருக்கு ஏத்த மாதிரி மாத்திக்கோங்க.

கேமரா பத்தி ரொம்ப பேச வேணாம், யூடியூப் பூரா அதுதான் இருக்கு. விலங்கோட கண்ணைத் தானா பிடிக்கிற ஆட்டோஃபோகஸ் இருக்கிற மிரர்லெஸ் பாடி ஒண்ணு, செகண்ட் ஹேண்டா இருந்தாலும் போதும். 50 இல்லன்னா 85 எம்எம், எஃப் 1.8 (கம்மி வெளிச்சத்துலயும் எடுக்கிற) லென்ஸ், இதுல வீட்டுக்குள்ள நடக்கிற பெட் ஷூட் எல்லாம் முடிஞ்சிடும், காசு சேர்ந்தப்புறம் 70-200 எஃப் 2.8. காட்டுக்கு சிக்மா இல்லன்னா டாம்ரான் 150-600, சோனி 200-600, நிக்கான் 200-500 இப்படி ஒண்ணு, அதையும் முதல் வருஷம் வாடகைக்கு எடுங்க. 600 எஃப் 4 ப்ரைம் (ஜூம் ஆகாத) லென்ஸ் விலைக்கு ஒரு கார் வாங்கலாம், அதை லோன் போட்டு வாங்கிட்டு இஎம்ஐ கட்டுறதுக்காக கல்யாண ஷூட்டுக்கு ஓடுறவங்க நெறைய பேர்.

போர்ட்ஃபோலியோ இல்லாம கஸ்டமர் வர மாட்டாங்க, கஸ்டமர் இல்லாம போர்ட்ஃபோலியோ எப்படின்னு கேப்பீங்க. ப்ளூ கிராஸ் மாதிரி ஷெல்டருக்குப் போய் தத்து குடுக்கிற நாய் பூனைங்களை எடுத்துத் தரட்டுமான்னு கேளுங்க. கூண்டு கம்பிக்குப் பின்னாடி பயந்து ஒடுங்கி நிக்கிற போட்டோவுக்கும், வெளிய கூட்டிட்டு வந்து நல்ல வெளிச்சத்துல காதை நிமித்திட்டு பாக்கிற போட்டோவுக்கும் இருக்கிற வித்தியாசத்துல அந்த நாட்டு நாய்க்கு வீடு கிடைக்கும், உங்களுக்கு பழக்கமே இல்லாத நாயை எப்படி கையாள்றதுன்னு பாடம் கிடைக்கும். இதுக்கு காசு வாங்காதீங்க. அப்புறம் உங்க ஏரியா வெட் கிளினிக், க்ரூமிங் சென்டர், போர்டிங் வச்சிருக்கிறவங்க, இவங்கதான் கஸ்டமரை அனுப்புவாங்க, கிளினிக் சுவத்துல மாட்ட ரெண்டு நல்ல பிரிண்ட் ஃப்ரேம் போட்டுக் குடுத்தா இன்ஸ்டாகிராம் விளம்பரத்தை விட வேலை செய்யும். டாக் ஷோவும் விடாதீங்க, கென்னல் கிளப் ஆஃப் இந்தியா ஆபீசே சென்னையிலதான் இருக்கு, ராஜபாளையம், சிப்பிப்பாறை, கன்னி, கோம்பைன்னு நம்ம ஜாதி நாய் வளக்கிறவங்க எல்லாரையும் ஷோ கிரவுண்டுல பாக்கலாம்.

சரி, ஷூட் அன்னைக்கு என்ன பண்றது. இதுதான் முக்கியம், கொஞ்சம் விலாவாரியா சொல்றேன்.

முந்தின நாளே போன் போட்டு தடுப்பூசி போட்டாச்சா, எதுக்கு பயப்படும், எந்த சாப்பாடு ஒத்துக்காது, எந்த பொம்மைன்னா உயிர்னு கேட்டு எழுதி வச்சுக்கோங்க. எல்லாரும் தவறாம ஒண்ணு சொல்வாங்க, "எங்க டைகர் கடிக்கவே கடிக்காது தம்பி"ன்னு. சரிங்க சார்னு தலையாட்டிட்டு நீங்க பாட்டுக்கு ஜாக்கிரதையா இருங்க. இந்தத் தொழிலுக்கு வர்றவங்க கடி படறதுக்கு முன்னாடியே போட்டுக்கிற ரேபிஸ் ஊசிய டாக்டர்கிட்ட கேட்டுப் போட்டுக்கிறது நல்லது, அது போட்டிருந்தாலும் பல்லு பட்டா 15 நிமிஷம் சோப்பு போட்டு ஓடுற தண்ணில கழுவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போயே ஆகணும்.

வெளிய எடுக்கறதுன்னா காலைல 6ல இருந்து 8க்குள்ள, வெயில் ஏறிட்டா தார் ரோட்டுல நாய் கால் வெந்துடும், நாக்கு தொங்கிப்போய் மூஞ்சியே மாறிடும். ஷூட்டுக்கு முன்னாடி வயிறு நெறைய சாப்பாடு வேணாம்னு சொல்லிடுங்க, சாப்பிட்ட நாய் தூங்கும், லேசா பசி இருந்தாத்தான் உங்க கையில இருக்கிற பிஸ்கட்டுக்கு மதிப்பு. போன உடனே கேமராவ தூக்காதீங்க, கீழ உக்காந்து அது வந்து உங்களை மோந்து பாக்கட்டும், லென்ஸையும் மோந்து பாக்கட்டும், சும்மா ரெண்டு மூணு தடவை ஷட்டர் சத்தத்தைக் கேக்க வைங்க. கண்ணு ஓரத்துல பீளை, வாயோரம் எச்சில் எல்லாம் அப்பவே ஒரு ஈரத்துணியால ஓனரை விட்டுத் துடைக்கச் சொல்லுங்க, அப்புறம் ஃபோட்டோஷாப்ல உக்காந்து அழிச்சா அரை நாள் போயிடும்.

தரையில படுத்து அதோட கண்ணு மட்டத்துக்கு லென்ஸ் வரணும். நின்னுக்கிட்டு கீழ பாத்து எடுத்தா அது ஓனர் போன்லயே இருக்கிற போட்டோதான், அதுக்கு எதுக்கு உங்களுக்கு காசு. அடுத்த பிரச்சினை ஓனர், அவங்க ஒரு பக்கம் நின்னு "ப்ரூனோ இங்க பாரு, ப்ரூனோ, ப்ரூனோ"ன்னு கத்திக்கிட்டே இருப்பாங்க, அது அவங்களையே பாக்கும், கொஞ்ச நேரத்துல யாரையும் பாக்காது. "அக்கா, நான் சொல்லும்போது மட்டும் ஒரே ஒரு தடவை கூப்பிடுங்க, என் தோளுக்குப் பின்னாடி வந்து நில்லுங்க"ன்னு சொல்லிடுங்க. பொம்மைக்குள்ள கீச்சுனு கத்துற சின்ன பீப்பி இருக்கும்ல, அதை தனியா எடுத்து உள்ளங்கையில மறைச்சு வச்சுக்கோங்க. தலையை ஒருச்சாய்ச்சுப் பாக்கிற அந்த எக்ஸ்பிரஷன் முதல் மூணு நாலு கீச்சுக்குத்தான் வரும், அதுக்கப்புறம் அது உங்களை மதிக்காது, அதனால ஃபோகஸ், எக்ஸ்போஷர் எல்லாம் செட் பண்ணிட்டு கடைசியா அழுத்துங்க.

கயித்தை கழட்டாதீங்க, எவ்ளோ சாதுவான நாயா இருந்தாலும் ரோட்டோரத்துலயும் பீச்சுலயும் கழட்டவே கழட்டாதீங்க. மெல்லிசு கயிறா போட்டு எடுத்துட்டு, நாய் நகந்தப்புறம் அதே இடத்துல கேமராவ அசைக்காம வெறும் பேக்கிரவுண்டை ஒரு ஃபிரேம் எடுத்து வச்சுக்கிட்டா எடிட்ல கயிறை அழிக்கிறது ரெண்டு நிமிஷ வேலை. ஓடுற நாய்க்கு ஷட்டர் ஸ்பீட் 1/1000 செகண்டை விட வேகமா, சிப்பிப்பாறை மாதிரி வேட்டை நாய்னா 1/2000. முழு வெள்ளை ராஜபாளையம் ஃபிரேமை அடைச்சு நின்னா கேமராவோட வெளிச்ச மீட்டர் ஏமாந்து சாம்பல் கலராக்கிடும், எக்ஸ்போஷர் காம்பன்சேஷனை கொஞ்சம் ப்ளஸ்ல வைங்க, ஆனா ஹிஸ்டோகிராம்ல (ஸ்கிரீன்ல வெளிச்சத்தைக் காட்டுற கிராஃப்) வலது ஓரம் முட்டாம. கருப்பு லாப்னா நேர் எதிர், கொஞ்சம் மைனஸ் வச்சு, ஜன்னல் இல்லன்னா மர நிழல்ல சைடு வெளிச்சத்துல நிறுத்துனாத்தான் முடி முடியா தெரியும். நேரா ஃபிளாஷ் வேணாம், நாய் பூனை கண்ணுக்குள்ள வெளிச்சத்தைத் திருப்பி அனுப்புற படலம் ஒண்ணு இருக்கு, பச்சையும் மஞ்சளுமா பேய் மாதிரி எரியும். பூனையை எங்கயும் தூக்கிட்டு வரச் சொல்லாதீங்க, அதோட வீட்டுல, அதோட ஜன்னல்ல, அது வர்ற வரைக்கும் காத்திருந்துதான் எடுக்கணும், வேற வழி இல்ல.

கொட்டாவி விட்டுக்கிட்டே இருக்கா, சும்மா சும்மா உதட்டை நக்குதா, தலையைத் திருப்பி ஓரக்கண்ணுல வெள்ளை தெரிய பாக்குதா, வால் உள்ள போயிடுச்சா, போதும்னு சொல்லுது. நிறுத்திட்டு தண்ணி குடுங்க, தேவைன்னா இன்னொரு நாள் வாங்க.

இதுக்கு நடுவுல ஒரு சட்ட விஷயம். கூண்டுல பச்சைக்கிளி இருக்கு, இல்லன்னா தொட்டியில நட்சத்திர ஆமை இருக்கு, அதையும் எடுத்துக் குடுங்கன்னு கேப்பாங்க. நம்ம ஊர் கிளியையும் அந்த ஆமையையும் வீட்டுல வளக்கிறது 1972 வனவிலங்கு பாதுகாப்புச் சட்டப்படி குத்தம். எடுக்க முடியாதுன்னு மரியாதையா சொல்லிடுங்க, உங்க பேஜ்ல அந்த போட்டோ போனா முதல்ல மாட்டுறது அவங்க, ரெண்டாவது உங்க பேரு.

ரேட் எப்படி போடறதுன்னா, கஸ்டமர் கண்ணுக்கு ரெண்டு மணி நேர வேலை, ஆனா போக வர, 600 ஃபிரேம்ல 25 பொறுக்க, எடிட் பண்ண எல்லாம் சேத்தா ஒன்றரை நாள். வீட்டுக்கு மாசம் 40,000 வேணும், கேமரா தேய்மானம், பெட்ரோல், சாஃப்ட்வேர் சந்தா எல்லாத்துக்கும் 15,000, மாசம் 8 ஷூட்தான் கிடைக்கும்னு வச்சா ஒரு ஷூட்டுக்கு 7,000க்குக் கீழ எறங்குனா நீங்க கைக்காசு போட்டு வேலை பாக்கறீங்கன்னு அர்த்தம். இது உதாரணக் கணக்கு, உங்க நம்பரை வச்சு நீங்க போட்டுப் பாருங்க. பாதி அட்வான்ஸ் வாங்காம டேட் பிளாக் பண்ணாதீங்க. சாஃப்ட் காப்பிய மட்டும் குடுத்துட்டு வந்துடாதீங்க, ஆல்பம், பெரிய கேன்வாஸ் பிரிண்ட்லதான் லாபம், அதுவும் வயசான நாய் வச்சிருக்கிறவங்க கண்டிப்பா கேப்பாங்க.

இப்ப காடு. காடுன்ன உடனே முதுமலைக்கு டிக்கெட் போடாதீங்க, பள்ளிக்கரணை சதுப்பு நிலத்துல ஆரம்பிங்க, வேடந்தாங்கல் இருக்கு, கிண்டில வெளிமான் இருக்கு, ஊர்ல ஒரு ஏரி இருந்தா அது போதும். ஒரே ஏரிக்கு திரும்பத் திரும்பப் போனாத்தான் நத்தைகுத்தி நாரை எந்த மூலைல மேயும், பாம்புத்தாரா எந்தக் கிளைல வந்து ரெக்கை காய வைக்கும்னு தெரியும், அந்த அறிவுதான் ஸ்கில், லென்ஸ் இல்ல. மேல சொன்ன வெள்ளை நாய் கணக்கு இங்க தலைகீழா மாறும், இருட்டுத் தண்ணி நடுவுல சின்னதா நிக்கிற கொக்குக்கு ப்ளஸ் வச்சா வெள்ளை எல்லாம் வெந்துடும், மைனஸ் வைங்க. சஃபாரி வண்டில ட்ரைபாட் விரிக்க எடம் இருக்காது, லென்ஸை வச்சுத் தாங்குற பீன் பேக் பையை காலியா மடிச்சு எடுத்துட்டுப் போய் அந்த ஊர் மளிகைக் கடைல ரெண்டு கிலோ அரிசி வாங்கி நிரப்பிக்கோங்க, திரும்பும்போது அதை யாருக்காவது குடுத்துடலாம்.

மசினகுடி ரோட்டுல யானையப் பாத்து வண்டிய நிறுத்தி எறங்கி எடுக்கறது வீரம் இல்ல, ஃபைன் கட்டுவீங்க, இல்லன்னா மிதி வாங்குவீங்க. சரணாலயத்துக்குள்ள போக அந்த 72ம் வருஷ சட்டப்படியே அனுமதி வேணும், டூரிஸ்ட் சஃபாரி டிக்கெட் வேற, கமர்ஷியல் ஷூட் அனுமதி வேற, ட்ரோன் பக்கமே போகாதீங்க. கூட்டுல குஞ்சு இருக்கிற பறவையை விடுங்க. போன்ல பறவை சத்தம் போட்டு வரவழைக்கிறதையும் விடுங்க, அது எல்லைச் சண்டைக்கு வந்திருக்குன்னு நெனச்சு குஞ்சுக்கு இரை தேடற நேரத்தை உங்களுக்காக வீணாக்கும். தேவாங்கு விஷயத்துல இன்னும் கோவம் வரும் எனக்கு, கரூர் திண்டுக்கல் பக்கம் கடவூர்ல 2022ல அதுக்குன்னே சரணாலயம் அறிவிச்சாங்க, ராத்திரி நடமாடுற அந்தப் பெரிய கண்ணுல நாலு பேர் டார்ச் அடிச்சு ஃபிளாஷ் போட்டு எடுக்கறாங்க, அது அப்படியே ஒறைஞ்சு நிக்கும், அதுக்கு நூறு லைக். அபூர்வமான எதை எடுத்தாலும் லொகேஷன் டேக்கை எடுத்துட்டுப் போடுங்க, கடத்துறவனும் இன்ஸ்டாகிராம் பாப்பான்.

காசு விஷயத்துல, ஒத்தப் படத்தை விட கதைக்குத்தான் மதிப்பு. நாரை ரெக்கை விரிச்ச போட்டோ ஆயிரம் பேர்கிட்ட இருக்கு. ஆனா சிவகங்கை மாவட்டத்துல வேட்டங்குடி சரணாலயத்துப் பக்கம் கொள்ளுகுடிப்பட்டில பறவைக்காக தீபாவளிக்கு வெடியே வெடிக்க மாட்டாங்க, அந்த ஊர் பசங்க, கண்மாய், பெருசுங்க, பறவை எல்லாத்தையும் சேத்து 12 படமா, ஒவ்வொண்ணுக்கும் நாலு வரியோட குடுத்தா எடிட்டர் பேசுவாரு, என்ஜிஓ அடுத்த வேலைக்குக் கூப்பிடும். மா. கிருஷ்ணன் (1912–1996) இருந்தாரே, எழுத்தாளர் அ. மாதவையாவோட மகன், 1970ல பத்மஸ்ரீ வாங்கினவரு, கருப்பு வெள்ளைல யானையை எடுத்தவரு, அவரு எழுதவும் செஞ்சாரு, வரையவும் செஞ்சாரு. எழுதத் தெரியாதுன்னா கத்துக்கோங்க, தமிழ்ல எழுதுனாலும் சரி. போட்டோவை ஏத்தி வச்சு விக்கிற ஸ்டாக் சைட்டை நம்பாதீங்க, டீ செலவுக்கு வரும். ரிசார்ட், கம்பெனி காலண்டர் வேலைக்கு வருஷக் கடைசி வரைக்கும் காத்திருக்காம முன்னாடியே போய் கேளுங்க.

போட்டிக்கு அனுப்பறவங்க ரா ஃபைலை (கேமரா எடுத்த, எடிட் பண்ணாத ஒரிஜினல்) அழிச்சுடாதீங்க, கடைசி சுத்துல அதைத்தான் கேப்பாங்க. லண்டன் நேச்சுரல் ஹிஸ்டரி மியூசியம் நடத்துற போட்டில 2009ல ஜெயிச்ச ஓநாய் படத்தை, அது பழக்கின ஓநாயா இருக்கும்னு முடிவு பண்ணி பரிசைத் திருப்பி வாங்கிட்டாங்க, 2017ல ஒரு எறும்புத்தின்னி (ஆன்ட் ஈட்டர்) படம் ஜெயிச்சுது, அடுத்த வருஷம் அது பாடம் பண்ணி வச்ச செத்த விலங்குன்னு சொல்லி அதையும் தூக்கிட்டாங்க. அந்தப் படங்களை எடுத்தவங்க பேர் இப்ப அதுக்குத்தான் ஞாபகம் இருக்கு.

பேப்பர் வேலைல ரெண்டு மட்டும். காசு வாங்கிட்டு ஒருத்தர் கேட்டு எடுத்துக் குடுத்த போட்டோவுக்கு, வேற ஒப்பந்தம் எதுவும் இல்லன்னா, நம்ம 1957 காப்பிரைட் சட்டப்படி முதல் உரிமையாளர் அந்த கஸ்டமர்தான், நீங்க இல்ல. அதனால உரிமை என்கிட்ட, போர்ட்ஃபோலியோல போட்டுக்குவேன்னு ஒரு பக்க அக்ரிமெண்ட்ல கையெழுத்து வாங்கிட்டு ஷூட்டை ஆரம்பிங்க. சர்வீஸ் வேலைக்கு வருஷ வரவு 20 லட்சம் தாண்டுனா ஜிஎஸ்டி ரெஜிஸ்ட்ரேஷன், அது தாண்டுற வரைக்கும் பில் புக்கும் தனி பேங்க் அக்கவுண்டும் போதும்.

அப்புறம் சென்னை ஈரத்துக்கு லென்ஸ்ல பூஞ்சை புடிக்கும், பையிலயே மூடி வைக்காதீங்க. டிரை கேபினெட் வாங்க காசு இல்லன்னா காத்து போகாத பிளாஸ்டிக் டப்பா, உள்ள சிலிக்கா ஜெல், ஒரு சின்ன ஈரப்பத மீட்டர், 40ல இருந்து 50 சதவீதத்துக்குள்ள நிக்கணும், ஜெல் கலர் மாறுனா வாணலில லேசா சூடு பண்ணி திரும்பப் போட்டுக்கலாம்.