‘டிகிரி செல்லாது’ என்றால் அதை எழுத்தில் வாங்குங்கள்

திருமங்கலம் பக்கம் ஒரு அரசு உதவிபெறும் பள்ளியில் பட்டதாரி ஆசிரியையாகச் சேர்ந்தேன். நியமனத்துக்கு ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பிய கோப்பு கல்வி அலுவலகத்தில் நின்றுவிட்டது. கேட்டிருந்தது கணிதம், என் பட்டத்தில் இருந்தது பயன்பாட்டுக் கணிதம். “உங்க டிகிரி செல்லாதும்மா” என்று செக்‌ஷனில் வாயால் சொன்னார்கள். அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு ஏழு மாதம் சம்பளமில்லாமல் அலைந்தேன். உங்களுக்கு அந்த ஏழு மாதம் வேண்டாம்.

முதலில், மறுப்பைக் காரணத்தோடு எழுத்தில் தரச் சொல்லி மனுக் கொடுங்கள். தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் தேதி முத்திரை வாங்குங்கள். என் முதல் நகலில் முத்திரை பாதிதான் விழுந்தது, தேதி அழிந்த மாதிரி இருந்தது. வக்கீல் அதைப் பார்த்ததும் “இன்னொரு மனு போடுங்கம்மா” என்றார். முத்திரை தெளிவாக விழும்வரை கவுண்டரை விட்டு நகராதீர்கள். பதிலே வராவிட்டால் பத்து ரூபாய் கட்டித் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள்: கோப்பு யாரிடம் இருக்கிறது, எந்த அரசாணைப்படி நிறுத்தினார்கள், கோப்பில் அதிகாரிகள் எழுதிய குறிப்புப் பக்கங்களின் நகல். 30 நாளில் பதில் தரவேண்டும்.

எழுத்து ஏன் இவ்வளவு முக்கியம்? ஓர் உத்தரவு அதில் எழுதிய காரணங்களில்தான் நிற்கவேண்டும், பிறகு கோர்ட்டில் பதில் மனு போட்டுப் புதுக் காரணம் சேர்க்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எனக்கு வந்த உத்தரவு இரண்டே வரி. அந்த இரண்டு வரிதான் கடைசியில் எனக்குக் கைகொடுத்தது.

அப்புறம், இரண்டு பட்டமும் சமமா என்று நீதிபதியே பாடத்திட்டத்தைப் பிரித்துப் பார்ப்பார் என எதிர்பார்க்காதீர்கள். அதை முடிவு செய்யவேண்டியது அரசுதான் என்பது சாகூர் அகமது ராதர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018-இல் சொன்ன தீர்ப்பு. ஆகவே உங்கள் பட்டத்துக்கு உயர்கல்வித் துறை ஏற்கெனவே இணைத்தன்மை அரசாணை (இந்தப் பட்டம் அந்தப் பட்டத்துக்குச் சமம் என்ற ஆணை) போட்டிருக்கிறதா என்று தேடுங்கள். எந்தத் தேதியில் போட்டது என்றும் பாருங்கள். நேரடி நியமனம் என்றால், அறிவிக்கையில் வேறு தேதி சொல்லாதபோது, விண்ணப்பிக்கும் கடைசி நாளில் தகுதி கையில் இருக்கவேண்டும்.

சில விஷயங்களில் வழக்குக்குப் பணத்தைப் போடாதீர்கள். இளநிலைப் பட்டம் இல்லாமல் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேராக வாங்கிய எம்.ஏ. செல்லாது என்பது 2009 அண்ணாமலைப் பல்கலைக்கழக வழக்கிலேயே முடிந்துபோன விஷயம். ஆசிரியர் தகுதித் தேர்விலும் (டெட்) உச்ச நீதிமன்றத்தின் 2025 செப்டம்பர் 1 தீர்ப்பு கறாரானது. அதில் தேறாமல் பணியில் இருப்பவர்களில், ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் தேறவேண்டும் என்றது. சிறுபான்மைப் பள்ளிகள் பற்றிய கேள்வியை மட்டும் அதிக நீதிபதிகள் கொண்ட பெரிய அமர்வுக்கு அனுப்பியது.

சரி, வழக்கு. 2004-இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை வந்ததால் சென்னைக்கு ரயில் ஏறவேண்டியதில்லை, மாட்டுத்தாவணியிலிருந்து ஒத்தக்கடை பஸ் போதும். ரிட் மனுவில் (அரசு அலுவலகத்தின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) கையெழுத்துப் போடுமுன் கோரிக்கைப் பகுதியை நீங்களே படியுங்கள். ‘பரிசீலிக்க உத்தரவிடவேண்டும்’ என்று மட்டும் இருந்தால், அலுவலகம் பரிசீலித்து மறுபடி மறுக்கும், எனக்கு அப்படித்தான் ஆனது. இரண்டாவது மனுவில் ‘மறுப்பாணையை ரத்து செய்து, நியமன நாள் முதல் பணப்பலனோடு ஒப்புதல் வழங்கவேண்டும்’ என்று எழுதவைத்தேன்.

உத்தரவு வந்ததும் சும்மா இருந்துவிடாதீர்கள். ‘எட்டு வாரத்துக்குள்’ என்று இருந்தால், பெரும்பாலும் உத்தரவு நகல் அலுவலகத்துக்குக் கிடைத்த நாளிலிருந்துதான் கணக்கு. சான்றிட்ட நகலை வாங்கி, அதே தபால் பிரிவில் கொடுத்து, மறுபடியும் முத்திரை வாங்குங்கள். கெடு தாண்டினால் நீதிமன்ற அவமதிப்பு மனு போட ஓராண்டுதான் அவகாசம்.