உரிமத்தைக் காப்பாற்றிய தபால் உறை

எங்கள் மளிகைக் கடையின் வணிக உரிமத்தை ரத்து செய்து உத்தரவு வந்தது. நான்கு நாள் அலுவலகத்துக்கு அலைந்தேன். ஆட்சியரின் குறைதீர் கூட்டத்தில் கொடுத்த மனுவும் அதே அலுவலகத்துக்குத்தான் போய்ச் சேர்ந்தது! அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ், அந்த உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாமா என்று வழக்கறிஞரிடம் கேட்டேன். மேல்முறையீட்டுக்கு வழி இருந்தால் உயர் நீதிமன்றம் பொதுவாகத் தலையிடாது, இயற்கை நீதி, அதாவது நம் தரப்பைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது என்ற நெறி, மீறப்பட்டிருந்தால் விதிவிலக்கு உண்டு என்றார் அவர்.

விளக்கம் கேட்டு வந்த நோட்டீஸின் உறையைத் தேடினேன்; பழைய பேப்பர் கட்டில் கிடந்தது. நோட்டீஸில் 3-ஆம் தேதி, அஞ்சல் முத்திரையில் 14. ரத்து உத்தரவோ 12-ஆம் தேதியே கையெழுத்தாகியிருந்தது. பதில் சொல்ல ஏழு நாள் அவகாசமாம்! உறையின் நகலை மனுவுடன் இணைத்தோம். உத்தரவு செல்லாது என்றது நீதிமன்றம். உரிமத்தைக் கொடு என்று சொல்லவில்லை. என் பதிலைப் பெற்று, விசாரித்து, புதிதாக முடிவெடுக்கச் சொன்னது. அப்பாடா! பதிலை எழுதிக்கொண்டிருக்கிறேன்.