பிரிட்டனில் மருத்துவக் கஞ்சாவைச் சட்டப்படி பெறுதல்: பொழுதுபோக்காக ஓடுபவர்களுக்கான செய்முறை விளக்கம்

பிரிட்டனில் வாழ்ந்து, வார இறுதிகளில் பத்து கிலோமீட்டரோ அரை மாரத்தானோ ஓடிக்கொண்டு, மூன்று மாதங்களுக்கு மேலாகத் தீராத வலியோடு இருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். இடுப்பிலிருந்து கால்வரை இறங்கும் நரம்பு வலிக்காக நானே இந்த வழியில் சென்று மருந்துச் சீட்டுப் பெற்றேன். சட்டம் என்ன சொல்கிறது என்பதைப் பல இடங்களில் படிக்கலாம். ஆனால் ஓடுகிறவருக்கு அந்தச் சட்டம் மருந்தகத்தில் ஒன்றாகவும், சாலையில் வேறொன்றாகவும், பந்தயத் திடலில் மூன்றாவது ஒன்றாகவும் இருப்பதை எவரும் ஒரே இடத்தில் சொல்லவில்லை. நீண்ட பயிற்சிக்கு மறுநாள் வரும் சாதாரணத் தசை வலிக்கு இந்த வழி கிடையாது. அதற்கு ஓய்வும் உறக்கமும் போதும்.

2018 நவம்பர் 1 முதல், கஞ்சாவிலிருந்து தயாரிக்கப்படும் மருந்துகளை மருத்துவர் எழுதித் தருவது பிரிட்டனில் சட்டப்பூர்வமானது. மருத்துவர்களைப் பதிவு செய்யும் அமைப்பான ஜெனரல் மெடிக்கல் கவுன்சிலின் சிறப்பு மருத்துவர் பதிவேட்டில் பெயர் உள்ளவர் மட்டுமே இந்தச் சிகிச்சையைத் தொடங்க முடியும். உங்கள் குடும்ப மருத்துவர் எவ்வளவு அக்கறையுள்ளவராக இருந்தாலும் அவரால் தொடங்க முடியாது. அரசு மருத்துவச் சேவையான என்எச்எஸ் வழியாக இம்மருந்து கிடைப்பது மிக அரிது. 2019 நவம்பரில் வெளியான சிகிச்சைகளுக்கு வழிகாட்டும் நைஸ் அமைப்பின் அறிவுரை, ஆய்வுகளுக்கு வெளியே நாள்பட்ட வலிக்கு இதைத் தர வேண்டாம் என்றே கூறுகிறது. ஆகவே வலிக்காகத் தேடுபவர்களுக்குத் தனியார் மருத்துவமனையே நடைமுறையில் உள்ள வழி. முதல் ஆலோசனைக்கும், ஒவ்வொரு மறுபரிசீலனைக்கும், மருந்துக்கும் தனித்தனியே கட்டணம் உண்டு என்பதால், முழு ஆண்டுக்கான செலவைக் கூட்டிப் பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.

முதல் படி: தகுதியைச் சரிபார்த்தல்

நோய் முறையாகக் கண்டறியப்பட்டிருக்க வேண்டும் என்றும், வழக்கமான சிகிச்சைகளில் குறைந்தது இரண்டையாவது முயன்று பயன் கிடைக்காமலோ பக்கவிளைவால் நிறுத்தியோ இருக்க வேண்டும் என்றும் தனியார் மருத்துவமனைகள் பொதுவாக எதிர்பார்க்கின்றன. உங்களுக்கோ நெருங்கிய குடும்பத்தினருக்கோ மனச்சிதைவு போன்ற நோய் இருந்தாலும், உங்களுக்கு இதய நோய் இருந்தாலும், அதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். கஞ்சாவில் போதை தரும் பொருளான டிஎச்சி இதயத் துடிப்பை உயர்த்துவதால், இதயத்தை நாள்தோறும் உழைக்க வைக்கும் ஓட்டக்காரர்கள் இதை மறைப்பது ஆபத்து.

இரண்டாம் படி: மருத்துவப் பதிவேட்டைத் திரட்டுதல்

என்னை நெடுநாள் நிறுத்தி வைத்தது இந்தப் படிதான். பின்னால் வரும் எல்லாப் படிகளும் இதன்மேல்தான் நிற்கின்றன என்பதால் இதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

மருத்துவமனை கேட்பது, குடும்ப மருத்துவரிடம் உள்ள உங்கள் பதிவின் சுருக்கம். வரவேற்பு மேசையில் "சம்மரி" என்று மட்டும் கேட்டால், நடப்பு மருந்துகளும் ஒவ்வாமைகளும் மட்டுமே உள்ள ஒரு தாள் கைக்கு வரக்கூடும். அதில் உங்கள் நோயின் பெயரே இல்லாமல் போகலாம். ஈராண்டுகளுக்கு முன் உட்கொண்டு கைவிட்ட மாத்திரையும் இருக்காது. அந்தத் தாளை அனுப்பினால், போதிய விவரம் இல்லை என்று விண்ணப்பம் திரும்பி வரும். எனக்கு அப்படித்தான் வந்தது.

நீங்கள் கேட்க வேண்டியது, நோய்க் கண்டறிதல்கள், பழைய மருந்துகள், சிறப்பு மருத்துவர்களின் கடிதங்கள், ஸ்கேன் அறிக்கைகள் ஆகிய அனைத்தும் அடங்கிய விரிவான பதிவு. இங்கிலாந்தில் என்எச்எஸ் செயலியிலேயே பலருக்கு இதில் பெரும்பகுதி தெரியும். முதலில் அங்கே பார்த்துவிட்டு, இல்லாதவற்றை மட்டும் எழுத்துமூலம் கேளுங்கள். தொலைபேசியில் கேட்பதைவிட மின்னஞ்சலில் கேட்பதையே நான் பரிந்துரைக்கிறேன், ஏனென்றால் எதை, எந்தத் தேதியில் கேட்டீர்கள் என்பதற்கு அதுவே சான்றாக நிற்கும்.

பதிவு வந்தபின் வரிவரியாகப் படியுங்கள். என் பதிவில் "நேப்ராக்சன் 500 மில்லிகிராம், நாளொன்றுக்கு இருவேளை" என்ற வரி இருந்தது. தொடங்கிய தேதியும் இருந்தது. ஆனால் வயிற்றெரிச்சல் தாங்காமல் அதை நிறுத்தினேன் என்பது எங்கும் இல்லை. சிறப்பு மருத்துவரின் பார்வையில் அந்த வரிக்கு, நான் ஒரு மருந்தைத் தொடங்கினேன் என்பதற்கு மேல் பொருள் கிடையாது. உங்கள் பதிவிலும் இப்படி ஒரு வரி இருந்தால், குடும்ப மருத்துவரிடம் நேரம் கேட்டு, எந்த மருந்தை எப்போது, எதனால் நிறுத்தினீர்கள் என்பதைச் சொல்லிப் பதிவில் சேர்க்கச் செய்யுங்கள். தனியாரிடம் பெற்ற பிசியோதெரபி சிகிச்சையும் என்எச்எஸ் பதிவில் தானாக ஏறாது. பல ஓட்டக்காரர்கள் முயன்ற முக்கியச் சிகிச்சையே அதுதான் என்பதால், சிகிச்சையாளரிடம் தேதிகளோடு ஒரு கடிதம் வாங்கி இணையுங்கள்.

இவை எல்லாவற்றையும் ஒரே கோப்பாக்கி வைத்துக்கொள்ளுங்கள். மருத்துவமனைக்கு மட்டுமின்றி, எட்டாம் படியிலும் இதே கோப்பு தேவைப்படும்.

மூன்றாம், நான்காம் படிகள்: மருத்துவமனையும் ஆலோசனையும்

இங்கிலாந்தில் மருத்துவமனை, மருத்துவச் சேவைகளைக் கண்காணிக்கும் கேர் குவாலிட்டி கமிஷனில் பதிவு பெற்றதா என்று அந்தக் கமிஷனின் இணையதளத்தில் தேடுங்கள். மருத்துவரின் பெயரை ஜெனரல் மெடிக்கல் கவுன்சில் பதிவேட்டிலும் மருந்தகத்தை ஜெனரல் பார்மசூட்டிகல் கவுன்சில் பதிவேட்டிலும் சரிபாருங்கள். விளம்பரத்தில் எத்தனை வகைக் கஞ்சாப் பூக்கள் கிடைக்கும் என்பதை முதலில் சொல்லும் இடங்களைவிட, உங்கள் குடும்ப மருத்துவருக்குக் கடிதம் அனுப்புவோம் என்பதை முதலில் சொல்லும் இடத்தையே நான் தேர்ந்தெடுப்பேன்.

ஆலோசனையின்போது ஓடுகிறவர் என்பதைத் தெளிவாகச் சொல்லுங்கள். வாரத்தில் எவ்வளவு ஓடுகிறீர்கள், எந்த நேரத்தில் ஓடுகிறீர்கள், பதிவு செய்துள்ள பந்தயங்கள் எவை, வாகனம் ஓட்டுவீர்களா என்பவை மருந்தின் வகையையும் வேளையையும் மாற்றக்கூடியவை. ரத்தம் உறைவதைத் தடுக்கும் வார்ஃபரின், வலிப்புக்கான குளோபசாம் போன்ற மருந்துகள் உட்கொள்வோர் அதையும் சொல்ல வேண்டும். கஞ்சாவில் உள்ள மற்றொரு பொருளான, போதை தராத சிபிடி அவற்றின் அளவை உடலில் உயர்த்தக்கூடும்.

வாய்வழி எண்ணெய்க்கும் ஆவியாக்கி உள்ளிழுக்கும் பூவுக்கும் இடையே, ஓட்டக்காரர்களுக்கு எண்ணெயே ஏற்றது என்பது என் உறுதியான கருத்து. எண்ணெய் வேலை செய்யத் தொடங்க ஒன்றிரண்டு மணி நேரம் ஆனாலும் விளைவு நீண்டு நிற்பதால், இரவில் எடுத்துக்கொண்டு உறங்கிவிட முடிகிறது. நுரையீரலை நம்பி ஓடுகிறவர் அதன் வழியாக மருந்து செலுத்தாமல் இருப்பதும் நல்லது. பூதான் வேண்டும் என்று மருத்துவர் முடிவு செய்தால், மருத்துவக் கருவியாகச் சான்று பெற்ற மைட்டி பிளஸ் மெடிக் போன்ற ஆவியாக்கியை வாங்குங்கள். பூவைச் சுருட்டிப் புகைப்பதைச் சட்டம் அனுமதிக்கவில்லை. கையில் மருந்துச் சீட்டு இருந்தாலும் அது குற்றமே.

ஐந்தாம் படி: சீட்டும் புட்டியும்

கட்டுப்படுத்தப்பட்ட மருந்துக்கான சீட்டு 28 நாட்களுக்கு மட்டுமே செல்லும். மருந்தின் மொத்த அளவு எண்ணிலும் எழுத்திலும் இருக்க வேண்டும். எவ்வளவு எடுக்க வேண்டும் என்பதும் எழுதப்பட்டிருக்க வேண்டும். மருந்து வந்ததும் புட்டியின் ஒட்டுச்சீட்டைப் பாருங்கள். உங்கள் முழுப் பெயர், மருந்தகத்தின் பெயர், தேதி, "இரவில் 0.2 மில்லிலிட்டர்" என்பது போன்ற தெளிவான அளவு ஆகியவை அதில் இருக்க வேண்டும். வெளியில் நீங்கள் காட்டக்கூடிய முதன்மையான சான்று இந்த ஒட்டுச்சீட்டுதான். காசு வாங்கிக்கொண்டு தரப்படும் நோயாளி அட்டைகள் இதற்கு ஈடாகா. மருந்தை வேறு டப்பாவுக்கு மாற்றாதீர்கள்.

ஆறாம் படி: முதல் வாரங்களில் ஓடுவது

குறைந்த அளவில் தொடங்கி மெல்ல உயர்த்துவதே மருத்துவர்களின் வழக்கம். அந்த வாரங்களில் பந்தயம் வேண்டாம், போக்குவரத்து மிகுந்த சாலையில் ஓடுவதும் வேண்டாம். துடிப்பு உயர்வதால், இதயத் துடிப்பை அளவாக வைத்துப் பயிற்சி செய்கிறவர்களுக்குக் கைக்கடிகாரம் காட்டும் எண்கள் சிறிது காலம் நம்பத்தக்கவையாக இரா. மூச்சையும் பேச முடிகிறதா என்பதையும் அளவாகக் கொள்ளுங்கள். எழுந்தவுடன் தலைசுற்றல் இருந்தால் அன்று ஓடாதீர்கள். எலும்பில் நுண்முறிவு ஏற்பட்டால் அதை முதலில் அறிவிப்பது வலிதான். மருந்து அந்த அறிவிப்பை மங்கச் செய்யலாம் என்பதால், ஒரே புள்ளியில் குத்தும் புதிய வலி எதுவாயினும் ஓட்டத்தை நிறுத்திவிட்டுக் காட்டுங்கள்.

ஏழாம் படி: வாகனம்

டிஎச்சிக்கான சட்ட வரம்பு ஒரு லிட்டர் ரத்தத்தில் 2 மைக்ரோகிராம். இது மிகச் சிறிய அளவு. முறையாக மருந்து எடுப்பவர் எளிதில் தாண்டிவிடுவார். மருந்து எழுதித் தரப்பட்டது, சொன்னபடியே எடுத்தீர்கள் என்று காட்டினால் சட்டம் தற்காப்பு தருகிறது. ஆனால் ஓட்டும் திறன் குன்றிய நிலையில் வாகனம் ஓட்டுவது தனிக் குற்றம். அதற்கு மருந்துச் சீட்டு தற்காப்பாகாது.

ஓட்டக்காரர்கள் இன்னொன்றையும் அறிந்திருக்க வேண்டும். டிஎச்சி உடலின் கொழுப்பில் தங்குகிறது. 2013இல் வெளியான ஆஸ்திரேலிய ஆய்வொன்றில், கஞ்சாவைத் தொடர்ந்து பயன்படுத்துவோர் 35 நிமிடம் நிலைமிதிவண்டி மிதித்தபின் அவர்கள் ரத்தத்தில் டிஎச்சி அளவு சிறிது உயர்ந்தது. உயர்வு சிறியதே என்றாலும், வரம்பே இவ்வளவு சிறியதாக இருக்கையில் அதைப் புறக்கணிக்க முடியாது. நீண்ட ஓட்டத்துக்கு ரயிலிலோ துணையின் வண்டியிலோ சென்று வாருங்கள்.

எட்டாம் படி: பந்தயம்

உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையான வாடாவின் பட்டியலில், டிஎச்சி போட்டிக் காலத்தில் தடை செய்யப்பட்ட பொருள். போட்டிக் காலம் பந்தயத்துக்கு முந்தைய நாள் இரவு 11:59க்குத் தொடங்குகிறது. டிஎச்சி உடலில் சிதைந்து உருவாகும் பொருளுக்குச் சிறுநீரில் உள்ள வரம்பு ஒரு மில்லிலிட்டருக்கு 150 நானோகிராம். 2013 வரை அது 15ஆக இருந்தது. வரம்பு உயர்ந்துவிட்டதே என்று தொடர்ந்து மருந்து எடுப்பவர் நிம்மதி அடைய வேண்டாம். பந்தய நாளில் எடுக்காவிட்டாலும் கொழுப்பில் தங்கியது வெளிப்படலாம். 2021 அமெரிக்க ஒலிம்பிக் தகுதிப் போட்டியில் 100 மீட்டரில் வென்ற ஷகாரி ரிச்சர்ட்சன், இந்தப் பொருளால் ஒரு மாதத் தடை பெற்று, டோக்கியோ ஒலிம்பிக்கில் அந்த ஓட்டத்தில் பங்கேற்கும் வாய்ப்பை இழந்தார்.

மருந்துச் சீட்டு மட்டும் இங்கே செல்லாது. தேவைப்படுவது, தடை செய்யப்பட்ட மருந்தைச் சிகிச்சைக்காக எடுக்க அனுமதிக்கும் சிகிச்சைப் பயன்பாட்டு விலக்கு (டியூஇ). பொழுதுபோக்கு ஓட்டக்காரர்களில் பெரும்பாலோர் முன்கூட்டியே விண்ணப்பிக்க வேண்டியவர்கள் அல்லர். பரிசோதனைக்கு உட்பட்டால் அதன்பின் விண்ணப்பிக்கலாம். பிரிட்டனின் ஊக்கமருந்துத் தடுப்பு அமைப்பான யூகே ஆன்டி டோப்பிங்கின் இணையதளத்தில் உள்ள டியூஇ விசார்ட் கருவி, நீங்கள் எந்த வகை என்பதைச் சில கேள்விகளில் சொல்லிவிடும். விண்ணப்பத்தில் நோய்க்கான சான்றும், தடையற்ற மாற்று மருந்துகள் ஏன் பொருந்தவில்லை என்பதற்கான சான்றும் கேட்கப்படும். இரண்டாம் படியின் கோப்பு இங்கேதான் மறுபடி வேலை செய்கிறது. விலக்கு கிடைத்தே தீரும் என்ற உறுதி எவருக்கும் இல்லை. மற்ற மருந்துகள் தடைப்பட்டியலில் உள்ளனவா என்று சரிபார்க்க குளோபல் டிஆர்ஓ இணையதளத்தைப் பயன்படுத்துங்கள்.

கடைகளில் விற்கும் சிபிடி எண்ணெய் போதாதா என்று கேட்போர் உண்டு. 2018 முதல் சிபிடிக்குத் தடை இல்லை. ஆனால் "ஃபுல் ஸ்பெக்ட்ரம்" என்று விற்பவற்றில் தடைக்குட்பட்ட பிற கன்னபினாய்டுகள் (கஞ்சாச் செடியில் உள்ள வேதிப்பொருட்கள்) இருக்கும். ஆரோக்கியமான பெரியவர்களுக்கு நாளொன்றுக்கு 10 மில்லிகிராம் சிபிடியே உச்சம் என்று பிரிட்டனின் உணவுத் தர முகமை 2023இல் அறிவுறுத்தியதையும் நினைவில் கொள்ளுங்கள்.

பின்சேர்க்கை: வாசகர்கள் கேட்டவை

பந்தயத் திடலில் உடைமைக் கூடாரத்தில் மருந்தை விடலாமா என்று ஒருவர் கேட்டிருந்தார். விடக்கூடாது. பூட்டில்லாத கூடாரத்தில் பையை எவரும் எடுக்கலாம், தொலைந்தால் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள். இரவு வேளைக்கு மட்டும் மருந்து எடுப்பவர் அதை வீட்டிலேயே விட்டு வரலாம்.

சென்னை மாரத்தானுக்குச் செல்லும்போது கொண்டு செல்லலாமா என்பது பலரின் கேள்வி. மூன்று மாதத்துக்குக் குறைவான மருந்தோடு, மருத்துவரின் கடிதத்தோடு பிரிட்டனை விட்டு வெளியேறத் தனி உரிமம் தேவையில்லை. ஆனால் அந்த அனுமதி பிரிட்டனின் எல்லையோடு முடிகிறது. இந்தியாவில் 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டத்தின் கீழ் கஞ்சா குற்றப்பொருள்; பிரிட்டிஷ் மருந்துச் சீட்டை நம்பி அதை எடுத்துச் செல்லாதீர்கள். துபாய், சிங்கப்பூர் வழியாக விமானம் மாறுவோரும் அந்த நாடுகளின் கடுமையான சட்டங்களுக்கு உட்பட்டவர்களே. பயணத்துக்குப் பல வாரங்களுக்கு முன்பே மருத்துவரிடம் சொல்லி, அந்த நாட்களுக்கு வேறு மருந்து கேளுங்கள். புறப்படும் முன் ஓட்டப் பையின் உள்பைகளையும் ஒருமுறை கொட்டிப் பாருங்கள். பழைய புட்டியோ ஆவியாக்கியின் அறையில் ஒட்டிய துகளோ அங்கே கிடக்கக்கூடும்.