சிறுவர்களுக்கான பேஸ்பால் புத்தகம்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்க பேஸ்பால் வீரர்களைப் பற்றி எட்டு முதல் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளுக்கு எழுத வருகிறவர்களின் கைப்பிரதிகளைப் புரட்டினால், முன்பே விழுந்து எழுந்தவர்களுக்குச் சலிப்புத்தான் வரும். அதே பள்ளம், அதே இடத்தில். பெயரில் எழுத்துப்பிழை, அணி மாறிப்போவது போன்றவற்றை இங்கே விட்டுவிடுவோம். மெய்ப்புப் பார்ப்பவரே பிடித்துவிடுவார். அவர் கண்ணுக்குத் தப்புகிறவைதான் புத்தகத்தைக் கெடுக்கின்றன.

தேதி இல்லாத எண்

எத்தனை முறை சொன்னாலும் திரும்பத் திரும்ப வரும் தவறு இது. "வரலாற்றிலேயே மிக உயர்ந்த பேட்டிங் சராசரி டை காப்புடையது, .367" என்று ஒரு வரி. (ஆயிரம் வாய்ப்பில் 367 ஹிட் என்று பொருள்; ஹிட் என்றால் பந்தை அடித்துவிட்டு அவுட் ஆகாமல் பேஸ் என்ற ஓட்ட இலக்கை எட்டுவது.) 2024 மே மாதம் வரை அது சரி. அந்த மாதக் கடைசியில், தொழில்முறை பேஸ்பாலின் உச்ச லீக்கான மேஜர் லீக் பேஸ்பால், 1920 முதல் 1948 வரை நடந்த ஏழு நீக்ரோ லீக்குகளின் கணக்கைத் தன் அதிகாரப்பூர்வப் பதிவேட்டில் சேர்த்தது. கறுப்பின வீரர்களுக்கு மேஜர் லீக் கதவைச் சாத்தியிருந்த காலத்தில் அவர்கள் ஆடிய லீக்குகள் அவை. (பெயர் அந்தக் காலத்துப் பெயர், அதையும் பிள்ளைகளுக்கு ஒரு வரியில் சொல்லிவிட வேண்டும்.) ஒரே நாளில் அந்த லீக்குகளில் ஆடிய ஜாஷ் கிப்சன் .372 உடன் முதலிடத்துக்கு வந்தார். ஒரு சீசனுக்கான சாதனையும் கைமாறியது: 1894-ல் ஹியூ டஃபி எடுத்த .440 கீழே இறங்க, 1943-ல் கிப்சன் எடுத்த .466 மேலே ஏறியது. வில்லி மேஸ் 1948-ல் பர்மிங்காம் பிளாக் பேரன்ஸுக்காக அடித்த பத்து ஹிட்டுகள் சேர்ந்து, அவருடைய மொத்தம் 3,283-லிருந்து 3,293 ஆனது.

முப்பத்திரண்டு பக்கப் படப் புத்தகத்தில் இப்படி ஒரு வரி தவறிப்போனால் அந்த ஒரு பக்கத்தை மட்டும் மாற்றி அச்சடிக்க முடியாது. ஒரே தாளில் பல பக்கங்கள் சேர்ந்து அச்சாவதால் தாள் முழுவதையும் மறுபடி ஓட்ட வேண்டும். ஏற்கெனவே நூலகத்துக்குப் போன பிரதிகளோ பல ஆண்டுகள் அப்படியே அலமாரியில் இருக்கும். பத்து வயது ரசிகன் எண்களை மனப்பாடம் செய்கிறவன். ஒன்று தப்பென்று கண்டால் மீதிப் பக்கங்களையும் நம்பமாட்டான்.

எண்ணை எழுதும்போதே மூன்றைச் சேர்த்து எழுதுங்கள்: எந்த சீசன் முடிவு வரை, எந்த லீக்கில், யார் வைத்திருக்கும் பதிவேட்டின்படி. மூன்றாவதைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள். காப்பின் 1910 கணக்கில் ஓர் ஆட்டம் இரண்டு முறை ஏறிவிட்டது என்று 1981-ல் வெளிவந்தது. அதைத் திருத்தியவர்களுக்கு அவருடைய ஹிட்டுகள் 4,189, சராசரி .366. மேஜர் லீக்கோ பழைய 4,191-லேயே நின்றது. அதனால்தான் 1985 செப்டம்பர் 11 அன்று சின்சினாட்டியில் பீட் ரோஸ் அடித்த 4,192-வது ஹிட்டுக்கு ஊரே எழுந்து நின்றது. திருத்திய கணக்குப்படி பார்த்தால், மூன்று நாள் முன்பே சிகாகோவில் அவர் காப்பைத் தாண்டிவிட்டார். எந்தப் பதிவேட்டை எடுத்தாலும் சரி; ஒரே புத்தகத்தின் 6-ஆம் பக்கத்தில் ஒன்றும் 19-ஆம் பக்கத்தில் இன்னொன்றும் வரக்கூடாது.

கிப்சன் விஷயத்தில் இன்னொரு கண்ணி. பேஸ்பால் மேதைகளைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் அவர் பெயர்ப்பலகை "ஏறக்குறைய 800 ஹோம்ரன்" என்கிறது. (ஹோம்ரன் என்பது, பெரும்பாலும் பந்தை வேலிக்கு வெளியே அடித்து, எல்லாப் பேஸையும் சுற்றி வருவது.) லீக் ஆட்டங்களோடு வெளி ஆட்டங்களையும் கூட்டிய கணக்கு அது. லீக் ஆட்டங்களை மட்டும் எடுத்தால் 200-ஐக்கூடத் தொடாது. அந்த 800-ஐ, மேஜர் லீக்கில் பேரி பாண்ட்ஸ் அடித்த 762-க்குப் பக்கத்தில் வைத்து "யார் பெரியவர்?" என்று கேட்பது பிள்ளைகளை ஏமாற்றும் வேலை.

இன்னும் ஆடிக்கொண்டிருப்பவரைப் பற்றி எழுதினால் மொத்தக் கணக்கைக் கதைக்குள் கொண்டுவராதீர்கள். கடைசிப் பக்கத்தில் ஒரு பெட்டி கட்டி, எந்த சீசன் வரை என்று தலைப்பிட்டு, அதில் போடுங்கள். மறுபதிப்பில் பெட்டியை மட்டும் மாற்றினால் போதும். கதைக்குள் மாறாத எண் வரட்டும். ஷோஹெய் ஒட்டானி இதுவரை அடித்த ஹோம்ரன்கள் எத்தனை என்பது மை காய்வதற்குள் பழசாகிவிடும். 2024-ல் அவர் 54 ஹோம்ரன் அடித்து 59 பேஸ் திருடினார் (யாரும் பந்தை அடிக்காதபோதே அடுத்த பேஸுக்கு ஓடிச் சேர்ந்தார்) என்பது பழசாகாது.

சராசரியை விளக்காமல் தாண்டிப் போவது

கிரிக்கெட் பழகிய பிள்ளைக்குச் சராசரி என்றால் ஓர் அவுட்டுக்கு எத்தனை ரன் என்பதுதான். பேஸ்பாலில் ஹிட்டுகளை அட்-பேட்டால், அதாவது கணக்கில் சேரும் மட்டை வாய்ப்புகளின் எண்ணிக்கையால், வகுக்க வேண்டும். வாக் (நான்கு தவறான எறிகளுக்குக் கிடைக்கும் இலவச பேஸ்) கிடைத்து முதல் பேஸுக்குப் போனால் அது அட்-பேட்டில் சேராது. பத்துக்கு மூன்று என்றால் .300. இதைச் சொல்லாமல் ".406 அபாரம்" என்று எழுதினால் பிள்ளைக்கு என்ன புரியும்?

டெட் வில்லியம்ஸின் 1941 கணக்கைப் பிள்ளைகளையே போட்டுப் பார்க்க விடுங்கள். சீசனின் கடைசி நாள் காலையில் 448-க்கு 179. வகுத்தால் .39955, முழுமையாக்கினால் .400. ஆடாமல் உட்கார்ந்திருந்தாலே போதும். ஆனால் பிலடெல்பியாவில் அன்று நடந்த இரண்டு ஆட்டங்களிலும் இறங்கி எட்டுக்கு ஆறு அடித்தார்: 456-க்கு 185, .406. அக்காலத்தில் சாக்ரிஃபைஸ் ஃப்ளையும் (தான் கேட்ச் ஆகி, பேஸில் நிற்கும் சக வீரரை ரன் எடுக்க வைக்கும் அடி) அட்-பேட்டாகவே எண்ணப்பட்டது என்பதைச் சற்று வளர்ந்த பிள்ளைகளுக்கான பதிப்பில் சேர்க்கலாம்.

"முதல் கறுப்பின வீரர்"

ஜாக்கி ராபின்சன் 1947 ஏப்ரல் 15 அன்று புரூக்ளின் டாட்ஜர்ஸுக்காக இறங்கியது பெரிய நிகழ்வு. ஆனால் 1884-லேயே மோசஸ் ஃப்ளீட்வுட் வாக்கர் டொலீடோ அணிக்காக மேஜர் லீக்கில் கேட்சராக (கிரிக்கெட்டின் விக்கெட் கீப்பர் போன்றவர்) ஆடியிருக்கிறார். "அறுபது ஆண்டுகளுக்கு மேல் மூடிக் கிடந்த கதவைத் திறந்தவர்" என்று எழுதினால் உண்மையும் நிற்கும், ராபின்சனின் பெருமையும் குறையாது. கதவு முன்பு திறந்திருந்தது, பிறகு வேண்டுமென்றே சாத்தப்பட்டது என்பதும் பிள்ளைக்குத் தெரியவரும்.

கூப்பர்ஸ்டவுன், 1839, டபுள்டே

1839-ல் கூப்பர்ஸ்டவுன் என்ற ஊரில் ஆப்னர் டபுள்டே பேஸ்பாலைக் கண்டுபிடித்தார் என்று ஒரு பழங்கதை உண்டு. அவர் கண்டுபிடிக்கவில்லை. அந்த ஆண்டு அவர் வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரியில் இருந்தார்.

விரல் நீட்டிய ரூத்

மேஜர் லீக்கின் இறுதித் தொடரான உலகத் தொடரில், 1932-ன் மூன்றாம் ஆட்டத்தில் பேப் ரூத் கையை நீட்டினார், அடுத்து ஹோம்ரன் அடித்தார். இவ்வளவும் உறுதி. எதைக் காட்டி நீட்டினார் என்பதில் பார்த்தவர்களே ஒத்துப்போகவில்லை. "மைதானச் சுவரைக் காட்டினார்" என்று முடித்துவிடாமல் அந்தச் சண்டையையே எழுதுங்கள், அதுதான் சுவாரசியம்.

விதிகள் அத்தியாயம்

ஆண்டு போடுங்கள். 2023 என்ற ஒரே ஆண்டில் பிட்ச் கிளாக் (பந்தை எறிய நேரக் கெடு வைக்கும் கடிகாரம்) வந்தது, பேஸின் பக்க அளவு 15 அங்குலத்திலிருந்து 18 ஆனது.

படங்கள்

எழுத்தில் இருக்கும் கவனம் ஓவியத்தில் இருப்பதில்லை. ரூத் ஆடிய யாங்கீஸ் அணியின் சட்டையில் எண் வந்தது 1929-ல். 1927-ல் 60 ஹோம்ரன் அடிக்கும் ரூத்தின் முதுகில் 3 இருக்கக்கூடாது. 1932-ல் அந்த மூன்றாம் ஆட்டம் நடந்த சிகாகோவின் ரிக்லி மைதானத்தில் விளக்குக் கம்பம் கூடாது; அங்கே விளக்கு எரிந்தது 1988-ல். ராபின்சனுக்கு இன்றைய ஹெல்மெட்டை மாட்டாதீர்கள். ஷார்ட்ஸ்டாப்பை (இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு நடுவே நிற்பவர்) இடக்கையால் எறிய வைக்காதீர்கள். பந்தை எடுத்த பிறகு முதல் பேஸ் பக்கம் உடம்பைத் திருப்பத்தான் இடக்கைக்காரருக்கு நேரம் போகும் என்பதால் அந்த இடத்தில் வலக்கைக்காரரையே நிறுத்துவார்கள்.

பழைய புகைப்படம் வாங்கினால், பக்க வடிவமைப்பில் யாரும் இடவலமாகத் திருப்பிப் போடவில்லையே என்று சட்டையின் எழுத்தைப் பார்த்து உறுதி செய்யுங்கள். 1957-ல் டாப்ஸ் நிறுவனம் வெளியிட்ட ஹாங்க் ஆரன் அட்டையில் நெகட்டிவ் புரண்டுபோனது. வலக்கை ஆட்டக்காரரான ஆரன் அந்த அட்டையில் இன்றும் இடக்கையராகவே மட்டையைப் பிடித்து நிற்கிறார்.